காரணம் எழுதப்படாத ஆணைகள்

"சிறைவாசி புரிந்த குற்றத்தின் கொடூரத் தன்மையைக் கருத்தில் கொண்டு, அவரை முன்விடுதலை செய்யக் கோரும் மனு நிராகரிக்கப்படுகிறது." ஆயுள் தண்டனைக் கைதிகளை அரசு முன்கூட்டியே விடுவிக்கக் கோரும் மனுக்களை அவர்களின் குடும்பத்தாருக்கு எழுதிக் கொடுப்பதில் சில காலமாக உதவி வருவதால், இந்த வாக்கியத்தை ஓரிரு சொற்கள் முன்பின்னாக மாறிய வடிவங்களில் பலமுறை படித்திருக்கிறேன். ஆணையின் மேற்பகுதியில் "பார்வை" என்ற தலைப்பின்கீழ், சிறைக் கண்காணிப்பாளரின் கடிதம், நன்னடத்தை அலுவலரின் அறிக்கை, காவல்துறை அறிக்கை, சிறைத்துறைத் தலைமையகத்தின் கடிதம் என்று எண்ணும் தேதியும் இட்ட ஏழெட்டு வரிகள் இருக்கும். அதன்பிறகு, தீர்ப்பு வந்த நாள், மேல்முறையீடு தள்ளுபடியான நாள், இதுவரை கழிந்த தண்டனைக் காலம் என்று வழக்கின் வரலாறு ஒரு பத்தியில் வரும். கடைசியில் இந்த ஒற்றை வரி. பார்வையில் எண்ணிட்டுக் காட்டிய கடிதங்களில் என்ன எழுதியிருந்தது, அவற்றில் எது ஏற்கப்பட்டது, எது தள்ளப்பட்டது, ஏன் தள்ளப்பட்டது என்பதற்கெல்லாம் ஆணையில் இடமே இருக்காது.

அப்படி என் கைக்கு வந்த ஒரு கோப்பைப் பற்றி, அடையாளம் தெரியக்கூடிய எதையும் சொல்லாமல் எழுதுகிறேன். நிலத் தகராறில் உறவினர் ஒருவரைக் கொன்றதற்காகத் தண்டிக்கப்பட்டவர் அவர். உள்ளே போனபோது இருபதுகளில் இருந்தவருக்கு இப்போது தலை நரைத்துவிட்டது. சிறையிலேயே தையல் கற்றிருக்கிறார். பத்தாம் வகுப்பும் அதன்பின் அஞ்சல்வழியில் ஒரு பட்டமும் முடித்திருக்கிறார். தாயின் இறுதிச் சடங்குக்குப் போனது உட்பட, பரோலில் சென்ற ஒவ்வொரு முறையும் குறித்த நாளில், குறித்த நேரத்துக்குள் திரும்பி வந்திருக்கிறார். சிறைக் குற்றம் என்று அவர்மேல் ஒரு பதிவும் இல்லை. தங்கையின் வீட்டில் தங்க இடமுண்டு, தையற்கடை ஒன்றில் வேலை கொடுக்க உரிமையாளர் எழுத்துமூலம் ஒப்புக்கொண்டிருக்கிறார் என்று நன்னடத்தை அலுவலர் இரண்டு பக்கத்துக்கு எழுதியிருக்கிறார். இவ்வளவும் கோப்பில் இருக்கின்றன. ஆணையில் இவற்றில் ஒன்றுகூட இல்லை. குற்றம் கொடூரமானது என்பது மட்டுமே இருக்கிறது.

குற்றம் கொடூரமானதுதான். அதை அவரும் மறுக்கவில்லை. ஆனால் அவர் வாழ்க்கையில் இனி எக்காலத்திலும் மாற முடியாத ஒரே செய்தி அந்தக் குற்றம்தான். அது ஒன்றையே காரணமாகக் காட்டி இன்று மறுக்கலாம் என்றால், ஐந்தாண்டு கழித்து அவர் கொடுக்கப்போகும் மனுவும் பத்தாண்டு கழித்துக் கொடுக்கப்போகும் மனுவும் இன்றே நிராகரிக்கப்பட்டுவிட்டன என்றுதான் பொருள். அப்படியானால் அவர் படித்ததும், பரோல் முடிந்து ஒழுங்காகத் திரும்பியதும், ஒரு சண்டை சச்சரவில் சிக்காமல் இத்தனை ஆண்டுகளைக் கழித்ததும் யார் பார்வைக்காக? நன்னடத்தை அலுவலரை அந்த ஊருக்கு அனுப்பி அறிக்கை வாங்கியதுதான் எதற்காக?

ஆயுள் தண்டனை என்றால் பதினான்கு ஆண்டுகள் என்ற நம்பிக்கை நம்மிடையே பரவலாக இருக்கிறது. கைதிகளின் வீட்டாரே பதினான்காவது ஆண்டு முடியும் மாதத்தைக் கணக்கிட்டு வைத்துக்கொண்டு கேட்பார்கள். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. காந்தியடிகள் கொலை வழக்கில் தண்டிக்கப்பட்ட கோபால் கோட்சே தொடுத்த வழக்கில், ஆயுள் தண்டனை என்பது எஞ்சிய வாழ்நாள் முழுவதற்குமானது என்று உச்ச நீதிமன்றம் 1961-இல் தெளிவாக்கியது. தண்டனைச் சட்டத்தில் வரும் இருபது ஆண்டு என்ற எண், தண்டனையில் பாதி, கால் என்பன போன்ற பின்னங்களைக் கணக்கிடுவதற்கு மட்டுமே உரியது. சிறையில் வேலைக்கும் நன்னடத்தைக்கும் சேரும் தண்டனைக் கழிவு நாட்கள் எத்தனை இருந்தாலும், அரசு ஆணையிடாமல் ஆயுள் கைதி வெளியே வர முடியாது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 1978-இல் சேர்க்கப்பட்ட 433-ஏ பிரிவு, மரண தண்டனையும் விதிக்கத்தக்க குற்றத்துக்காக ஆயுள் தண்டனை பெற்றவர் குறைந்தது பதினான்கு ஆண்டுகள் உள்ளே கழித்திருக்க வேண்டும் என்று வரம்பு போட்டது. அந்தச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவிலும் 475-ஆவது பிரிவாக அந்த வரம்பு தொடர்கிறது. பதினான்கு ஆண்டு முடிந்ததும் மனுவைப் பரிசீலிக்கலாம் என்பதுதான் அதன் பொருள். அரசமைப்புச் சட்டத்தின் 72, 161 ஆகிய பிரிவுகள் குடியரசுத் தலைவருக்கும் ஆளுநருக்கும் தரும் அதிகாரத்தை இந்த வரம்பு கட்டுப்படுத்தாது; ஆனால் அந்த அதிகாரத்தையும் அமைச்சரவையின் ஆலோசனைப்படியே செலுத்த வேண்டும் என்று 1980-இல் மாரு ராம் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசமைப்பு அமர்வு கூறிவிட்டது.

ஆகவே விடுதலை செய்யப்படுவதற்கு ஆயுள் கைதிக்கு உரிமை இல்லை என்று அதிகாரிகள் சொல்லும்போது அவர்கள் தவறாகச் சொல்லவில்லை; பாதியைச் சொல்கிறார்கள். விடுதலைக்கு உரிமை இல்லாவிட்டாலும், உரிய காலத்தில், உரிய விதிகளின்படி, உரிய செய்திகளை மட்டும் கணக்கில் கொண்டு தன் மனுவைப் பரிசீலிக்கச் செய்வதற்கும், முடிவு எதுவானாலும் அதன் காரணத்தை அறிவதற்கும் அவருக்கு உரிமை உண்டு. தண்டனை ஒருவரின் நடமாட்டச் சுதந்திரத்தைப் பறிக்கிறதே தவிர, சட்டத்தின்முன் சமம் என்ற 14-ஆவது பிரிவையும் உயிருக்கும் தனிமனிதச் சுதந்திரத்துக்கும் பாதுகாப்பளிக்கும் 21-ஆவது பிரிவையும் அவரிடமிருந்து பறிப்பதில்லை. திகார் சிறையிலிருந்து சுனில் பத்ரா என்ற கைதி, சக கைதி ஒருவருக்கு நேர்ந்த சித்திரவதையைப் பற்றி எழுதிய கடிதத்தையே ஆட்கொணர்வு மனுவாக ஏற்று, நீதிபதி கிருஷ்ணய்யர் 1979-இல் அளித்த தீர்ப்பிலிருந்து இந்தக் கொள்கை நம் நீதிமன்றங்களில் நிலைபெற்றுவிட்டது. சிறைச் சுவருக்குள் நடக்கும் அடி உதை விஷயத்தில் எல்லோரும் ஒப்புக்கொள்ளும் இந்தக் கொள்கையைக் கோப்பில் நடக்கும் அநீதிக்குப் பொருத்திப் பார்க்கத்தான் பலரும் தயங்குகிறார்கள்.

எதை வைத்து முடிவெடுப்பது என்பதும் மறைபொருளாக இல்லை. மேற்கு வங்கத்திலிருந்து வந்த லக்ஷ்மண் நஸ்கர் வழக்கில் 2000-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் ஐந்து கேள்விகளை வகுத்தது. குற்றம் சமுதாயத்தைப் பரவலாகப் பாதிக்காத தனிப்பட்ட செயலா. அவர் மீண்டும் குற்றம் செய்யும் வாய்ப்பு உண்டா. குற்றம் செய்யும் ஆற்றலை அவர் இழந்துவிட்டாரா. இனியும் அவரைச் சிறையில் வைத்திருப்பதால் பயன் ஏதும் உண்டா. அவர் குடும்பத்தின் சமூக, பொருளாதார நிலை என்ன. இவற்றில் முதல் கேள்வி ஒன்றுதான் நடந்து முடிந்த குற்றத்தைப் பற்றியது. மற்றவை எல்லாம் இன்றைய மனிதரையும் நாளைய வாழ்க்கையையும் பற்றியவை. குற்றத்தின் கொடூரத்தை மட்டும் எழுதி முடித்துவிடும் ஆணை, ஐந்தில் நான்கு கேள்விகளைப் படிக்காமலேயே தாளை மடித்து வைத்ததற்குச் சமம். குற்றத்துக்குரிய தண்டனையின் அளவை விசாரணை நீதிமன்றம் ஏற்கெனவே எடைபோட்டுத்தான் ஆயுள் என்று விதித்தது. அதே எடைபோடலை மீண்டும் செய்வதற்காக இந்த அதிகாரம் அரசிடம் கொடுக்கப்படவில்லை.

முடிவுக்கு அடிப்படையாகும் அறிக்கைகளைப் பற்றிச் சற்று விரிவாகவே எழுத வேண்டும். அநீதி பெரும்பாலும் அங்கேதான் உருவாகிறது. தண்டனை விதித்த நீதிமன்றத்தின் நீதிபதியிடம் கருத்துக் கேட்கலாம் என்றும், அந்தக் கருத்து காரணங்களுடன் இருக்க வேண்டும் என்றும் சட்டம் சொல்கிறது. நடைமுறையில் பதினைந்து, இருபது ஆண்டுகளுக்குப்பின் அந்த நாற்காலியில் இருப்பவர் வேறொருவர். அவர் அந்தக் கைதியைப் பார்த்ததே இல்லை. அவர் கையில் இருப்பது பழைய தீர்ப்பு மட்டுமே. அதைப் படித்துவிட்டு "விடுதலை செய்வது பொருத்தமாக இராது" என்று இரண்டு வரி எழுதி அனுப்பிவிடுகிறார். 2022-இல் சத்தீஸ்கரைச் சேர்ந்த ராம் சந்தர் வழக்கில் இத்தகைய இயந்திரத்தனமான கருத்து சட்டத்தின் தேவையை நிறைவு செய்யாது, நஸ்கர் வழக்கின் கேள்விகளுக்கு முகங்கொடுத்துக் காரணங்களுடன் எழுத வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறி, மீண்டும் கருத்துப் பெற உத்தரவிட்டது. அடுத்த ஆண்டு பீகாரிலிருந்து வந்த ஒரு வழக்கில், இருபத்து நான்கு ஆண்டுகள் சிறையில் இருந்தவரைப் பற்றி நீதிபதியின் கருத்தும் காவல்துறையின் கருத்தும் பாதகமாக இருந்ததையே காரணமாக்கி மறுத்துவிட்டார்கள். குற்றம் நடந்த காலத்துப் பதிவுகளை மட்டும் அறிந்த இந்த இருவரின் சொல்லை மட்டும் நம்பக் கூடாது, அவரை அன்றாடம் பார்த்து வரும் சிறை அலுவலர்களும் நன்னடத்தை அலுவலரும் சொல்வதையும் கேட்க வேண்டும் என்று நீதிமன்றம் சொன்னது.

காவல்துறை அறிக்கையில் நான் அடிக்கடி காணும் சொற்றொடர், "இவர் ஊருக்குள் வந்தால் சட்டம் ஒழுங்கு பாதிக்கப்பட வாய்ப்புள்ளது" என்பதாகும். யாரை விசாரித்தார்கள், எதிர்த்தரப்புக் குடும்பம் இன்னும் அந்த ஊரில் இருக்கிறதா, பரோலில் வந்து தங்கிய நாட்களில் ஏதாவது நடந்ததா என்று ஒன்றும் இராது. நான் மேலே சொன்னவரின் கோப்பிலும் இதே வரி இருந்தது. அவர் பரோலில் அதே ஊரில் தங்கிப் போயிருக்கிறார். ஒவ்வொரு முறையும் அதே காவல் நிலையத்தில் கையெழுத்துப் போட்டிருக்கிறார். ஒரு புகாரும் வந்ததில்லை. பரோல் காலத்தில் அமைதியாக இருந்த ஊர் விடுதலைக்குப்பின் எதனால் கொதிக்கும் என்று ஒரு வரியாவது விளக்கியிருக்க வேண்டும். அச்சம் உண்மையாகவே இருக்கும் வழக்குகளும் உண்டு. சாதி மோதலில் நடந்த கொலைகளில், கொல்லப்பட்டவரின் குடும்பம் இன்னும் அதே தெருவில் வாழும்போது, அவர்களின் அச்சத்தை எவரும் சிறிதாக எண்ணிவிட முடியாது. அதனால்தான் அச்சம் இருக்கும் வழக்கையும் இல்லாத வழக்கையும் பிரித்துக் காட்டும் விசாரணை வேண்டும் என்கிறேன். எல்லாக் கோப்பிலும் ஒரே வரி இருந்தால் உண்மையான அச்சமும் அதற்குள் மறைந்துபோகிறது.

இதை எழுதும்போது, நான் கைதிகளின் பக்கம் மட்டும் நின்று பேசுவதாகச் சிலருக்குத் தோன்றலாம். காரணமின்றி மறுப்பது எவ்வளவு தவறோ, காரணமின்றி விடுவிப்பதும் அவ்வளவு தவறு என்றே உறுதியாக நம்புகிறேன். ஆந்திரத்தில் கொலை வழக்கில் தண்டனை பெற்ற ஒருவருக்கு ஆளுநர் அளித்த தண்டனைக் குறைப்பை உச்ச நீதிமன்றம் 2006-இல் எப்புரு சுதாகர் வழக்கில் ரத்து செய்தது. அந்தக் கோப்பில் இருந்த அறிக்கை ஒன்று, அவர் "நல்ல காங்கிரஸ் தொண்டர்" என்பதை அவருக்குச் சாதகமான செய்தியாகக் குறிப்பிட்டிருந்தது. கொல்லப்பட்டவரின் மகன் அந்த வரியைப் படித்தபோது அவருக்கு என்ன தோன்றியிருக்கும்? சாதி, மதம், கட்சி விசுவாசம் ஆகியவற்றைக் கருதி எடுக்கும் முடிவு செல்லாது என்று அந்தத் தீர்ப்பு கூறியது. ஆளுநரின் அதிகாரமும் நீதிமன்றப் பரிசீலனைக்கு உட்பட்டது என்பதும் அதில் வலியுறுத்தப்பட்டது.

பில்கிஸ் பானு வழக்கு இன்னும் வலி தருவது. 2002 குஜராத் கலவரத்தில் கூட்டுப் பாலியல் வன்கொடுமைக்கும் தன் குடும்பத்தாரின் படுகொலைக்கும் ஆளான அவருக்கு, நீதி கிடைக்க வேண்டுமென்பதற்காகவே வழக்கு விசாரணை மும்பைக்கு மாற்றப்பட்டது. அங்கே ஆயுள் தண்டனை பெற்ற 11 பேரை, 2022 ஆகஸ்ட் 15 அன்று குஜராத் அரசு 1992-ஆம் ஆண்டின் பழைய கொள்கையைக் காட்டி விடுதலை செய்தது. எந்த மாநில நீதிமன்றம் தண்டனை விதித்ததோ அந்த மாநில அரசுதான் முடிவெடுக்கலாம் என்பது சட்டத்தில் எழுதப்பட்ட விதி. அந்த விதிப்படி மகாராஷ்டிர அரசிடம் இருக்க வேண்டிய அதிகாரத்தை குஜராத் அரசு எடுத்துக்கொண்டதாகக் கூறி, 2024 ஜனவரி 8 அன்று உச்ச நீதிமன்றம் விடுதலையை ரத்து செய்து, 11 பேரும் சிறைக்குத் திரும்ப வேண்டும் என்று ஆணையிட்டது. தன்னை இந்த நிலைக்கு ஆளாக்கியவர்கள் வெளியே வரப்போகிறார்கள் என்று பில்கிஸிடம் எவரும் முன்கூட்டிச் சொல்லவில்லை. மறுக்கப்பட்ட கைதிக்குக் காரணம் தெரிய வேண்டும் என்று கேட்கும் அதே வாயால், பாதிக்கப்பட்டவருக்கும் காரணம் தெரிய வேண்டும் என்று நாம் கேட்டாக வேண்டும்.

இலங்கையிலும் இதையே கண்டோம். 2000 டிசம்பரில் யாழ்ப்பாண மாவட்டத்து மிருசுவிலில் ஐந்து வயதுக் குழந்தை உட்படத் தமிழர் எட்டுப் பேரைக் கொன்றதற்காக மரண தண்டனை பெற்ற இராணுவத்தினர் ஒருவருக்கு, 2020 மார்ச்சில் அன்றைய ஜனாதிபதி கோட்டாபய ராஜபக்ச பொதுமன்னிப்பு வழங்கினார். மரண தண்டனைக் கைதிக்கு மன்னிப்பளிக்கும் முன் விசாரணை நீதிபதியின் அறிக்கையையும் அரசின் தலைமைச் சட்ட அலுவலரான சட்டமா அதிபரின் ஆலோசனையையும் பெற வேண்டும் என்று அந்நாட்டு அரசியலமைப்பின் 34-ஆவது பிரிவு சொல்கிறது. வேறு இரண்டு கொலை வழக்குகளில் ஜனாதிபதிகள் வழங்கிய மன்னிப்பை 2024-இல் இலங்கை உச்ச நீதிமன்றம் செல்லாததாக்கியது. எவ்வளவு உயர்ந்த பதவியிலிருந்து கையெழுத்து வந்தாலும், நடைமுறை தவறினால் அது நிற்காது என்பதை அங்குள்ள நீதிமன்றமும் உறுதி செய்திருக்கிறது.

மறுப்பைவிடக் கொடியது ஒன்று உண்டு. அது எந்த முடிவும் எடுக்காமல் கோப்பைக் கிடப்பில் போடுவது. ராஜீவ் காந்தி கொலை வழக்கில் தண்டிக்கப்பட்ட பேரறிவாளன் உள்ளிட்ட ஏழு பேரையும் விடுவிக்கலாம் என்று தமிழ்நாடு அமைச்சரவை 2018 செப்டம்பர் 9 அன்று ஆளுநருக்குப் பரிந்துரைத்தது. ஈராண்டுக்கு மேல் பதில் இல்லை. 2021 ஜனவரியில் அது குடியரசுத் தலைவருக்கு அனுப்பி வைக்கப்பட்டது. அப்படி அனுப்ப ஆளுநருக்கு அதிகாரமில்லை, அமைச்சரவையின் பரிந்துரை அவரைக் கட்டுப்படுத்தும், விளக்கமில்லாத தாமதமும் நீதிமன்றப் பரிசீலனைக்கு உட்பட்டது என்று கூறி, 2022 மே 18 அன்று, முழு நீதி வழங்க அரசமைப்புச் சட்டம் தரும் சிறப்பு அதிகாரமான 142-ஆவது பிரிவின்கீழ் உச்ச நீதிமன்றமே பேரறிவாளனை விடுவித்தது. மற்ற ஆறு பேரும் அவ்வாண்டு நவம்பரில் வெளியே வந்தார்கள். அந்த வழக்கைப் பற்றி யாருக்கு எந்தக் கருத்து இருந்தாலும், நாடே கவனித்த ஒரு கோப்புக்கே இந்தக் கதி நேர்ந்தது என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். செய்தித்தாளில் பெயர் வராத கைதியின் கோப்பு எந்த மேசையில் இருக்கிறது என்று கேட்கக்கூட அவருக்கு ஆள் இல்லை. சிறையில் அவரைப் பார்க்க வரும் அக்காவிடம் "மேல போயிருக்கு" என்ற ஒரே பதில் வருடக்கணக்கில் சொல்லப்படுகிறது.

தமிழ்நாட்டில் முன்விடுதலை என்றாலே பலருக்கும் நினைவுக்கு வருவது தலைவர்களின் பிறந்த நாள்தான். அண்ணா நூற்றாண்டையொட்டி 2008-இல், பதினான்கு ஆண்டு வரம்பு கட்டுப்படுத்தாத 161-ஆவது பிரிவின்கீழ், ஏழாண்டு கழித்த ஆயுள் கைதிகள் 1,405 பேர் விடுவிக்கப்பட்டார்கள். எம்.ஜி.ஆர் நூற்றாண்டுக்காக 2018-இலும், அண்ணா பிறந்த நாளையொட்டி 2021-இலும் அரசாணைகள் வந்தன. அவ்வாறு வெளியே வந்து குடும்பத்துடன் அமைதியாக வாழ்பவர்களை நான் அறிவேன். அவர்கள் வந்ததில் எனக்கு மகிழ்ச்சிதான். ஆனால் ஒருவரின் விடுதலை, அவர் திருந்திய காலத்தை ஒட்டி வராமல் நாட்காட்டியை ஒட்டி வரும்போது முறை பிறழ்கிறது. அரசாணையில் குறித்த தேதியன்று தகுதிக் காலம் நிறைவதற்குச் சில வாரங்களே குறைந்தவர் அடுத்த விழா எப்போது வரும் என்று காத்திருக்கிறார். முன்விடுதலை தரக் கூடாத குற்றங்கள் என்று அரசு வகுத்த விலக்குப் பட்டியலில் உள்ள ஏதாவது ஒரு பிரிவு தன் தீர்ப்பில் இருப்பதால், எவ்வளவு காலம் கழித்திருந்தாலும் இன்னொருவர் தகுதியற்றவராகிறார். ஒட்டுமொத்தப் பட்டியலாகச் செய்யாமல் ஒவ்வொருவரையும் தனித்தனியே பரிசீலிக்க வேண்டும் என்று 2012-இலேயே சங்கீத் வழக்கில் உச்ச நீதிமன்றம் கண்டித்திருந்தது. விழா வந்தாலும் வராவிட்டாலும், முன்விடுதலைக் கோப்புகளைப் பார்த்துப் பரிந்துரைக்கும் அறிவுரைக் கழகம் குறித்த இடைவெளியில் கூடி, தகுதிக் காலம் எட்டிய ஒவ்வொருவரின் கோப்பையும் எடுத்துப் பார்ப்பதே முறை.

விலக்குப் பட்டியலின் கடுமை கேரளத்து ஜோசஃப் வழக்கில் வெளிப்பட்டது. இருபத்தாறு ஆண்டுகளுக்கும் மேலாகச் சிறையில் இருந்த, அறுபத்தைந்து வயது கடந்த அந்த முதியவரை விடுவிக்கலாம் என்று சிறை ஆலோசனைக் குழு திரும்பத் திரும்பப் பரிந்துரைத்தும், அவர் செய்த குற்றத்தின் வகையைக் காட்டி அரசு திரும்பத் திரும்ப மறுத்தது. 2023 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அவரை விடுவிக்க ஆணையிட்டபோது, நீண்ட காலம் உள்ளே இருந்தவர்களுக்குக் குற்றத்தின் வகையை மட்டும் வைத்து வழியை அடைப்பது அவர்களின் மன உறுதியையே நொறுக்கிவிடும் என்பதைச் சுட்டிக்காட்டியது. கொள்கை நடுவில் மாறினால் எது பொருந்தும் என்ற கேள்விக்கும் விடை இருக்கிறது. தண்டனை பெற்ற நாளில் இருந்த கொள்கையே பொருந்தும். பரிசீலிக்கும் நாளில் அதைவிடத் தாராளமான கொள்கை இருந்தால் அதன் பயனைத் தர வேண்டும் என்று 2010-இல் ஹரியானா அரசு எதிர் ஜக்தீஷ் வழக்கில் தீர்ப்பானது. இருந்தும், புதிதாக வந்த கடுமையான விதியைப் பழைய கைதிக்குப் பொருத்தி மறுத்த ஆணைகளை இன்றும் பார்க்கிறேன்.

வாழ்நாள் முழுவதும் உள்ளே இருக்க வேண்டியவர்கூட, தன்னை விடுதலைக்குப் பரிசீலிக்க என்ன செய்ய வேண்டும், எப்போது பரிசீலிப்பார்கள் என்பதைத் தண்டனை தொடங்கும்போதே அறிந்திருக்க உரிமையுள்ளவர் என்று ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் 2013-இல் விண்டர் வழக்கில் கூறியது. சிறை நிர்வாகத்தின் பார்வையிலும் இது பயனுள்ளது. எதைச் செய்தால் நம்பிக்கை உண்டு என்று தெரிந்த மனிதர் அதைச் செய்ய முயல்வார். எதைச் செய்தாலும் பதில் ஒன்றுதான் என்று அறிந்தவரை வைத்துப் பராமரிப்பது எவ்வளவு கடினம் என்பதை அனுபவமுள்ள ஜெயிலர்கள் வெளிப்படையாகவே சொல்வார்கள்.

"என் பிள்ளை திரும்பி வரப்போவதில்லை, அவன் மட்டும் ஏன் வீட்டுக்கு வர வேண்டும்?" என்று கேட்கும் தாய்க்கு என்னிடம் பதில் இல்லை. அவருடைய இழப்புக்கு எந்தக் கொள்கையும் ஈடு சொல்லாது. ஆனால் அவரிடம் அரசு நடந்துகொள்ள வேண்டிய விதம் பற்றி எனக்குத் தெளிவு உண்டு. பரிசீலனை நடக்கிறது என்று அவருக்குத் தெரிவிக்க வேண்டும். அவருடைய பாதுகாப்பு பற்றிய அச்சத்தை நேரில் கேட்டுப் பதிவு செய்ய வேண்டும். விடுதலையானால், எதிர்த்தரப்பு வீட்டுப் பக்கம் செல்லக் கூடாது என்பது போன்ற தேவையான நிபந்தனைகளை விதித்து, அவற்றை அவருக்கும் தெரிவிக்க வேண்டும். இவற்றைச் செய்யாமல், தண்டனையை நீட்டிப்பதன் மூலம் அவருக்கு நியாயம் செய்துவிட்டதாக அரசு சொல்வதை நான் ஏற்கவில்லை.

நிபந்தனைகளிலும் அளவு வேண்டும். விடுதலையானவர் ஈராண்டு "நாகரிகமாக" நடந்துகொள்ள வேண்டும் என்று குஜராத் அரசு விதித்த நிபந்தனையை, பொருள் வரையறுக்க முடியாதது, தன்னிச்சையானது என்று 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் நீக்கியது. புதிதாக ஒரு வழக்குப் பதிவானாலே தண்டனைக் குறைப்பைத் தானாக ரத்து செய்துவிட முடியாது. நோட்டீஸ் கொடுத்து, விளக்கம் கேட்டு, காரணத்துடன்தான் ரத்து செய்ய முடியும் என்றும் அத்தீர்ப்பு சொன்னது. வெளியே வந்தவர்மேல் உள்ளூரில் ஒரு பொய்ப் புகார் கொடுப்பது எவ்வளவு எளிது என்பதை அறிந்தவர்களுக்கு இந்தப் பாதுகாப்பின் அருமை விளங்கும்.

இவை அனைத்தையும் ஓரிடத்தில் தொகுத்ததுபோல, 2025 பிப்ரவரி 18 அன்று நீதிபதிகள் அபய் ஓகா, உஜ்ஜல் புயான் அமர்வு வழங்கிய தீர்ப்பு வந்திருக்கிறது. முன்விடுதலைக் கொள்கை உள்ள மாநிலத்தில், தகுதிக் காலம் நிறைந்த கைதி மனுக் கொடுக்காவிட்டாலும் அவரைப் பரிசீலிப்பது அரசின் கடமை. கொள்கை இல்லாத மாநிலங்கள் தீர்ப்பு நாளிலிருந்து இரண்டு மாதத்துக்குள் வகுக்க வேண்டும். ஏற்றாலும் மறுத்தாலும் ஆணையில் சுருக்கமாகவேனும் காரணம் இருக்க வேண்டும். அந்த ஆணையை உடனே சிறை அலுவலகம் வழியாகக் கைதியிடம் சேர்த்து, மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவின் செயலாளருக்கும் நகல் அனுப்ப வேண்டும். மறுப்பை எதிர்த்து வழக்குத் தொடுக்கும் உரிமை உண்டு என்பதையும் சிறை அலுவலரே அவருக்கு எடுத்துச் சொல்ல வேண்டும். மனுக் கொடுத்தால்தான் பரிசீலிப்போம் என்ற பழைய நிலையால் மிகவும் பாதிக்கப்பட்டவர்கள், எழுதப் படிக்கத் தெரியாதவர்களும் வெளியே ஆள் இல்லாதவர்களும்தாம். அவர்களுக்கு இந்தத் தீர்ப்பு உண்மையான ஒரு திறப்பு.

எனவே உங்கள் வீட்டிலோ தெருவிலோ இத்தகைய ஒரு குடும்பம் இருந்தால், சில செய்திகளை அவர்களிடம் சொல்லுங்கள். தண்டனைத் தீர்ப்பு நாளில் நடைமுறையில் இருந்த முன்விடுதலை அரசாணையின் நகலையும் இப்போது உள்ளதன் நகலையும் வாங்கி வைத்துக்கொள்ளட்டும். பரோலில் வந்து திரும்பிய ஒவ்வொரு முறைக்குமான தாள்களைப் பத்திரப்படுத்தட்டும். காவல்துறை அறிக்கைக்குப் பதில் சொல்ல அவைதாம் உதவும். தங்குமிடம், வேலை ஆகியவற்றுக்கான ஒப்புதலை எழுத்தில் வாங்கி நன்னடத்தை அலுவலரிடம் கொடுக்கட்டும். மறுப்பு ஆணை வந்தால், காரணம் எழுதப்பட்டிருக்கிறதா என்று முதலில் பார்க்கட்டும். காரணம் இல்லாத ஆணையை உயர் நீதிமன்றத்தில் எதிர்க்கலாம். சிறையில் இருப்பவர் எவரும், வருமானம் எவ்வளவு என்று பாராமல், 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12-ஆவது பிரிவுப்படி இலவச வழக்கறிஞர் பெறத் தகுதியுள்ளவர். நான் மேலே சொன்ன தையல்காரரின் மறுப்பு ஆணையை எதிர்த்தும், அந்தப் பிரிவின்கீழ் கிடைத்த இளம் வழக்கறிஞர் ஒருவர் நீதிப்பேராணை மனுவைத் தாக்கல் செய்திருக்கிறார். அரசு பதிலுரை தாக்கல் செய்ய அவகாசம் கேட்டிருக்கிறது.